நடுவழியில் பேருந்து எங்கே நிற்கும்?

மலேசியாவில், பேராக் மாநிலத்துப் பீடோர் பஸ் நிலையத்தில் டிக்கெட் கவுண்டரில் உட்கார்ந்திருப்பவள் நான். வடக்கே போகிற, தெற்கே போகிற சில கம்பெனிகளுக்குச் சேர்த்து டிக்கெட் போடுகிறேன். புதுத் தடம் விடுகிறார்கள் என்று கேள்விப்பட்டால், எங்கிருந்து எங்கே என்று நான் முதலில் கேட்பதில்லை. நடுவில் எங்கே நிற்கும் என்றுதான் கேட்பேன். கோலாலம்பூரில் இருப்பவருக்கும் பினாங்கில் இருப்பவருக்கும் ஒரு வண்டி போனால் இன்னொரு வண்டி உண்டு. நடுவில் இருக்கிற எங்களைப் போன்ற தோட்டத்து ஊர்களுக்கு, நின்றால்தான் வண்டி. நிற்காமல் போனால் நெடுஞ்சாலையில் ஓடும் வெறும் வெளிச்சம்.

இந்தியாவில் நியூகோ என்ற பெயரில் ஊர்விட்டு ஊர் ஓடும் மின்சாரப் பேருந்துகளை நான் விடாமல் கவனித்து வருவதற்கும் இதுதான் காரணம். கிரீன்செல் மொபிலிட்டி என்கிற கம்பெனி 2022-இல் தொடங்கிய சேவை அது. எவர்சோர்ஸ் கேப்பிட்டல் என்ற முதலீட்டு நிறுவனத்தின் பணம் அதன் பின்னால் இருக்கிறது. நகரத்துக்குள் ஓடும் மின்சார பஸ் எங்களுக்கும் புதிதில்லை. கோலாலம்பூர் பக்கத்துச் சன்வேயில் 2015-லேயே தனிப்பாதை போட்டு ஓட விட்டார்கள். ஆனால் ஊர்விட்டு ஊர் போவது வேறு கதை. நகர பஸ் சாயங்காலம் தன் டிப்போவுக்குத் திரும்பிவிடும். நெடுந்தூர பஸ்ஸுக்கு, போய்ச் சேர்கிற ஊரிலும் மின்சாரம் காத்திருக்க வேண்டும்.

அவர்கள் தடங்களை எந்த வரிசையில் விட்டார்கள் என்று பார்த்தால் விஷயம் புரியும். தொடக்கத்தில் இந்தூர்–போபால், ஏறக்குறைய 190 கிலோமீட்டர். டில்லி–ஆக்ரா 230 சொச்சம். டில்லி–சண்டிகர் 250. தெற்கே வந்தால் சென்னை–திருப்பதி 140 போல, சென்னை–புதுச்சேரி அதைவிடக் கொஞ்சம் கூட. ஏர்கண்டிஷன் போட்டுக்கொண்டே ஒரு சார்ஜில் 250 கிலோமீட்டர் ஓடும் என்று கம்பெனி சொல்கிறது. இந்தத் தூரங்களை அந்த 250-க்குப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். எல்லாமே அதற்குள் அடங்கும், அல்லது அதன் விளிம்பைத் தொட்டு நிற்கும். இந்தியா அவ்வளவு பெரிய தேசம். அதில் இவர்கள் முதலில் பிடித்தது காலையில் கிளம்பி மத்தியானச் சாப்பாட்டுக்குள் போய்ச் சேர்கிற தூரங்களை.

அதற்கப்புறம் நடந்ததுதான் எனக்குப் பாடம். திருப்பதியில் சார்ஜ் ஏற்ற ஒரு இடம் அமைந்துவிட்டால் அது சென்னை வண்டிக்கு மட்டும் இல்லை. பெங்களூரிலிருந்து திருப்பதி வரும் வண்டிக்கும் அதே ஊர் முனையாகிறது. விஜயவாடாவும் அப்படித்தான். ஹைதராபாத்திலிருந்து வந்த தடம் அங்கே முடிய, விசாகப்பட்டினத்துக்குப் போகும் தடம் அங்கே தொடங்கியது. பிறகு சென்னை–பெங்களூரு மாதிரி 350 கிலோமீட்டர் தடங்கள், அதன் பிறகு 2025-இல் படுத்துக்கொண்டு போகும் ஸ்லீப்பர் வண்டிகள், சென்னை–மதுரை போன்ற இரவுப் பயணங்கள். பஸ்ஸை வாங்கினால் தடம் நீளாது. சார்ஜர் இருக்கிற ஊரிலிருந்துதான் அடுத்த தடம் புறப்படுகிறது. 2024-இல் காஷ்மீரிலிருந்து கன்னியாகுமரிவரை 4,000 கிலோமீட்டருக்கு மேல் ஒரு மின்சாரப் பேருந்தை ஓட்டிக் காட்டினார்கள். பத்திரிகைகளில் பெரிதாக வந்தது. எனக்கு அதைவிட அந்த இந்தூர்–போபால்தான் பெரிய செய்தி.

சென்னையிலிருந்து திருப்பதிக்கு அந்த வண்டியில் நான் போயிருக்கிறேன். வீட்டுக்காரரும் மாமியாரும் கூட வந்தார்கள். மாமியாருக்கு டீசல் வாடை ஆகாது. எங்கள் ஊர் பஸ்ஸில் ஏறினால் பக்கத்து ஊரான தாப்பா தாண்டுவதற்குள் முந்தானையை மூக்கில் வைத்துக்கொள்வார். அன்றைக்கு ஜன்னலோரம் உட்கார்ந்து, திருத்தணி மலை வந்ததும் கும்பிட்டு, வழியில் வந்த பலகைகளை வாய்விட்டுப் படித்துக்கொண்டு வந்தார். பிறந்ததும் வளர்ந்ததும் பேராக் மாநிலத்துத் தோட்டம். தோட்டப் பள்ளியில் படித்த தமிழ் இன்றைக்கும் அவருக்குக் கணீரென்று இருக்கும். ஆந்திரா எல்லை தாண்டிப் பலகைகள் தெலுங்குக்கு மாறியதும்தான் வாய் ஓய்ந்தது.

வண்டிக்குள் பேசுவது காதில் விழுகிறது. இதைத்தான் நான் எல்லோரிடமும் முதலில் சொல்கிறேன். பின் சீட்டில் ஒரு அம்மா பேரனிடம் மெதுவாகக் கதை சொல்லிக்கொண்டு வந்தார். முன்னால் உட்கார்ந்திருந்த எங்களுக்கும் கதை முழுசாகக் கேட்டது. சிக்னலில் நின்றபோது கால் அடியில் அதிர்வே இல்லை. டீசல் பஸ்ஸின் கடைசி வரிசையில் உட்கார்ந்து பினாங்குவரை போனவர்களுக்கு, இன்ஜின் சூடு முதுகில் ஏறுவது எப்படி என்று நான் சொல்ல வேண்டியதில்லை. வேகம் மணிக்கு 80-க்கு மேல் போகாதபடி கட்டுப்பாடு வைத்திருப்பதாகவும், ஓட்டுநர் குடித்திருக்கிறாரா என்று புறப்படுமுன் ஊதச் சொல்லிப் பார்ப்பதாகவும் கம்பெனி சொல்கிறது. வண்டி எங்கே வருகிறது என்று கைப்பேசியில் பார்க்கலாம். இவை எதுவும் மின்சாரத்தால் வந்த வசதி இல்லை, டீசல் வண்டிக்கும் செய்யலாம். புதிதாகத் தொடங்குகிறவர்கள் எல்லாவற்றையும் சேர்த்துத் தொடங்கினார்கள், அவ்வளவுதான்.

திருப்பதியிலிருந்து மலைமேல் போனதையும் சொல்ல வேண்டும். அது நியூகோ இல்லை. ஆந்திர அரசுப் போக்குவரத்துக் கழகத்தின் மின்சாரப் பேருந்துகள் 2022 முதல் திருமலை மலைப்பாதையில் ஓடுகின்றன. கொண்டை ஊசி வளைவுகள் நிறைந்த பாதை. இறங்கி வரும்போது என் வீட்டுக்காரர் ஓட்டுநரின் காலையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டியவர். இறக்கத்தில் பிரேக் சூடாகிக் காந்தல் வாடை அடித்தால் எப்படி வயிற்றைக் கலக்கும் என்று அவருக்குத் தெரியும். கீழே இறங்கியதும் ஓட்டுநரிடம் போய் நின்றார்.

“அண்ணே, பிரேக்கை ரொம்ப மிதிக்கவே இல்லையே நீங்க?”

“மோட்டாரே புடிச்சுக்கும் சார். இறக்கத்துல அது கரண்ட்டை உற்பத்தி பண்ணி பேட்டரிக்கு அனுப்பும். வண்டி தானா மெதுவாகும்.”

சித்தூர் பக்கத்துத் தமிழில் அவர் சொன்னது இதுதான். இறக்கத்தில் சக்கரம் மோட்டாரைச் சுழற்றும். அப்போது மோட்டார் டைனமோவாகிவிடும். வண்டியின் வேகம் மின்சாரமாக மாறிப் பேட்டரிக்குள் போகும். பிரேக் கட்டைக்கு வேலை குறையும், சூடும் குறையும். மலை உச்சியில் பேட்டரி முழுசாக நிரம்பியிருந்தால் மட்டும் வருகிற மின்சாரத்துக்கு இடம் இருக்காது. அதனால் மேலே சார்ஜ் ஏற்றுவதானாலும் கொஞ்சம் காலி விட்டுத்தான் இறங்க வேண்டும்.

இதைக் கேட்டதும் எனக்குத் தாப்பாவிலிருந்து கேமரன் மலைக்கு ஏறும் பாதைதான் ஞாபகம் வந்தது. தானா ராத்தாவரை 60 கிலோமீட்டர் போல வளைந்து வளைந்து போகும். மேலே தேயிலைத் தோட்டங்களிலும் காய்கறிப் பண்ணைகளிலும் நம் ஆட்கள் எத்தனை குடும்பம்! அப்புறம் ஈப்போவுக்கு வடக்கே மெனோரா சுரங்கப்பாதை இருக்கிற நெடுஞ்சாலை இறக்கம். அங்கே பிரேக் பிடிக்காமல் போன லோரி, பஸ் செய்திகளை நாங்கள் வருஷம் தவறாமல் படித்துக்கொண்டிருக்கிறோம். இரவு பஸ்ஸுக்கு டிக்கெட் போட்டுக் கொடுத்துவிட்டு, ‘பத்திரமா போய்ச் சேரணும்’ என்று மனசுக்குள் மாரியம்மனைக் கூப்பிடாத நாள் எனக்கு இல்லை. அந்த இறக்கத்தில் மோட்டாரே வண்டியைப் பிடித்து நிறுத்தும் என்றால், எனக்குப் புகையும் சத்தமும் இரண்டாம் பட்சம்.

பீடோரைத் தெரியாதவர்களுக்குக் கொஞ்சம் சொல்கிறேன். பேராக் மாநிலத்தின் தென்பகுதி, பத்தாங் பாடாங் மாவட்டம். கோலாலம்பூரிலிருந்து 140 கிலோமீட்டர் போல வடக்கே. ஜம்பு என்று நாங்கள் சொல்லும் கொய்யாவுக்கும் பெத்தாய் என்கிற காட்டுக் காய்க்கும் பேர்போன ஊர். சுற்றிலும் முன்பு பால்மரம் என்கிற ரப்பர், இப்போது செம்பனை. ஊர் நடுவே ஓடுவது முதலாம் எண் கூட்டரசுச் சாலை. மேற்கே தெலுக் இந்தானுக்கு ஒரு சாலை பிரியும். நெடுஞ்சாலை வருவதற்கு முன்பு, கோலாலம்பூருக்கும் பினாங்குக்கும் ஓடிய பஸ்கள் எல்லாம் இந்தக் கடைவீதி வழியாகத்தான் போகும். சாப்பாட்டுக்கு இங்கேயோ தாப்பாவிலோ தஞ்சோங் மாலிமிலோ நிறுத்துவார்கள். நடுராத்திரி இரண்டு மணிக்கும் விளக்கு எரியும் ஊர் இது.

என் அம்மா விடிகாலையில் பால்மரம் சீவிப் பால் எடுத்துவிட்டு, சாயங்காலம் பருப்பு ஊறப்போட்டு வடை சுடுவார். அப்பா சைக்கிளில் வைத்து பெக்கானுக்கு, அதாவது கடைவீதிக்குக் கொண்டுவருவார். ராத்திரி வண்டிகள் நிற்கும்போது ஜன்னலுக்குக் கீழே நின்று விற்பார்கள். எங்கள் அண்ணன் தம்பிகளின் பள்ளிக்கூடச் செலவு பாதி அந்த வடையில் வந்தது. சீனர்கள் கொய்யா விற்றார்கள், மலாய்க்கார அக்கா நாசி லெமாக் விற்றார், உள்காட்டிலிருந்து ஓராங் அஸ்லி என்கிற பழங்குடிகள் பெத்தாய்க் கொத்துகளைக் கொண்டுவந்து கட்டித் தொங்கவிட்டார்கள். பஸ் நின்றது, அதனால் அத்தனை பேருக்கும் பிழைப்பு இருந்தது.

1994-இல் வடக்கு தெற்கு நெடுஞ்சாலை முழுசாகத் திறந்தார்கள். புக்கிட் காயு ஹீத்தாமிலிருந்து ஜொகூர் பாருவரை 772 கிலோமீட்டர். நல்ல சாலை. அது இல்லாமல் இந்த நாடு இன்றைக்கு ஓடாது, அதை மறுக்கிற மனசு எனக்கு இல்லை. ஆனால் எங்கள் ஊரில் ராத்திரி விளக்குகள் ஒவ்வொன்றாக அணைந்தன. சாப்பாட்டு நிறுத்தம் நெடுஞ்சாலை ஓரத்து ஓய்வுப் பகுதிகளுக்குப் போனது. அங்கே கடை போட வேண்டுமென்றால் டெண்டர், லைசென்ஸ், வாடகை. வடைத் தட்டோடு யாரும் உள்ளே போக முடியாது. ரயிலும் எங்களுக்குத் துணை இல்லை. 2010-இல் ஈப்போ–கோலாலம்பூர் மின்சார ரயில் வந்தது. அது தாப்பா ரோட்டில் நிற்கும், சுங்காயில் நிற்கும், பீடோரில் நிற்காது.

இன்றைக்கு என் கவுண்டருக்கு யார் வருகிறார்கள்? ஈப்போ பெரிய ஆஸ்பத்திரியில் தேதி வாங்கியிருக்கும் தாத்தாக்கள். பிறையிலும் பாயான் லெப்பாஸிலும் பேக்டரி வேலை பார்க்கும் பிள்ளைகள். தஞ்சோங் மாலிமில் ஆசிரியர் படிப்பு படிக்கிற பெண்கள். சிங்கப்பூர் வேலைக்காக ஜொகூர் பாருவுக்கு ஞாயிறு ராத்திரி கிளம்பும் பையன்கள். தைப்பூசத்துக்குப் பத்துமலைக்கும் ஈப்போ குனோங் சீரோவுக்கும் போகிற குடும்பங்கள். கார் வைத்திருப்பவர் என் கவுண்டருக்கு வரமாட்டார். கார் இல்லாதவர், கார் ஓட்ட வயது தாண்டியவர், புருஷன் காரை எடுத்துக்கொண்டு போய்விட்டால் வீட்டில் மாட்டிக்கொள்கிற பெண், இவர்களுக்காகத்தான் பஸ் இருக்கிறது. சென்ற மாதம் உள்தோட்டத்திலிருந்து ஒரு பாட்டி வந்தார். பேரன் மோட்டார் சைக்கிளில் கொண்டுவந்து இறக்கிவிட்டுப் போய்விட்டான்.

“ஏம்மா, பினாங்கு பஸ்ஸு நம்ம ஊருக்குள்ள வராதா? மக வீட்டுக்குப் போகணும்.”

“நேரா போறது சாயங்காலம்தான் பாட்டி. இப்பப் போகணும்னா ஈப்போ போய் அங்கேருந்து மாறணும்.”

“ஈப்போ டெர்மினல்ல எனக்கு எங்க ஏறணும் எங்க இறங்கணும்னு தெரியாதேம்மா.”

நல்லவேளை, ஈப்போ போகிற ஒரு பெண்ணின் கையில் பாட்டியை ஒப்படைத்து அனுப்பினேன். எப்போதும் அப்படி யாராவது கிடைப்பார்கள் என்று இல்லை.

என் தம்பி மகன் மின்சார வேலையில் சார்ஜ்மேன் சான்றிதழ் வைத்திருப்பவன். திருப்பதியிலிருந்து வந்ததும் அவனைப் பிடித்து உட்காரவைத்து, பினாங்கு–கோலாலம்பூர் தடத்தில் மின்சார பஸ் ஓடினால் பீடோரில் நிற்க வேண்டியிருக்குமா என்று கணக்குப் போடச் சொன்னேன். கோலாலம்பூரிலிருந்து பினாங்குத் தீவுக்கு எதிர்க்கரையில் இருக்கும் பட்டர்வொர்த் ஏறக்குறைய 350 கிலோமீட்டர், சென்னைக்கும் பெங்களூருக்கும் உள்ள தூரம்தான். பெரிய பஸ் ஏர்கண்டிஷனோடு ஓடினால் கிலோமீட்டருக்குச் சுமார் ஒரு யூனிட் மின்சாரம், அதே 250 கிலோமீட்டர் ஓடுகிற பேட்டரியில் 250 யூனிட் என்று வைத்துக்கொண்டான்.

பட்டர்வொர்த்திலிருந்து தெற்கே வருகிற வண்டி பீடோரை அடையும்போது 210, 215 கிலோமீட்டர் ஓடியிருக்கும். பேட்டரி அடிமட்டத்துக்கு வந்திருக்கும். அங்கிருந்து கோலாலம்பூருக்கு 140. கைக்காவலுக்கு ஒரு நாற்பது சேர்த்து 180 கிலோமீட்டருக்குத் தேவையானது கையில் வேண்டும். மிச்சம் இருப்பதைக் கழித்தால் 145 யூனிட் ஏற்ற வேண்டும். 180 கிலோவாட் சார்ஜர் என்றால் முக்கால் மணி நேரத்துக்குச் சற்று மேல். 240 கிலோவாட் என்றால் அரை மணிக்குச் சற்று மேல். ஒரு சாப்பாடு, ஒரு தே தாரேக், கழிவறை, ஓட்டுநருக்கு ஓய்வு. பழைய நாளில் இந்த ஊரில் பஸ் நின்ற நேரமும் ஏறக்குறைய அதுதான்.

“ஆனா அத்தை, வடக்க போற வண்டிக்கு இது ஒத்துவராது,” என்றான்.

கோலாலம்பூரிலிருந்து வருகிற வண்டியில் பீடோருக்கு வரும்போது இன்னும் பாதிக்குக் கொஞ்சம் குறைவாகச் சார்ஜ் இருக்கும். இங்கிருந்து பட்டர்வொர்த்துக்கு 215 கிலோமீட்டர் என்றால் கிட்டத்தட்ட முழுசாக நிரப்ப வேண்டும். பேட்டரி எண்பது சதவிகிதத்தைத் தாண்டிவிட்டால் சார்ஜ் ஏறும் வேகம் குறைந்துவிடும். கடைசி இருபதுக்குக் காத்திருந்தால் பயணிகள் சும்மா விடமாட்டார்கள். வடக்கே போகிறவர்கள் ஈப்போவில் ஏற்றுவதுதான் புத்தி. அங்கே போய்ச் சேரும்போது 205 ஆகியிருக்கும், மிச்சம் 150தான். பேட்டரி பெரிதான வண்டி வந்தால் இந்தக் கணக்கு மாறும் என்றும் சொன்னான். எனக்கு இந்தப் பதில் பிடித்திருந்தது. ஊர்ப்பாசத்துக்காக இல்லாததைச் சொல்லாமல், ஆகிறது எது, ஆகாதது எது என்று பிரித்துக் காட்டினான்.

அந்தக் கணக்கிலிருந்து இன்னொன்று தெரிந்தது. எங்கள் பக்கத்துக்கு இந்தூர்–போபால் எது என்று தேடினால், அது பினாங்கு தடம் இல்லை. தெலுக் இந்தான்–பீடோர்–கோலாலம்பூர் தடம். மொத்தம் 180 கிலோமீட்டர் போல. ஒரு சார்ஜில் தாராளமாகப் போய்ச் சேரலாம். பீடோரில் சார்ஜர் இருந்தால் அவசரத்துக்கு ஒரு கால் மணி ஏற்றிக்கொள்ளலாம். அதே சார்ஜரை, தெற்கே இறங்கும் பினாங்கு வண்டியும் பயன்படுத்தும். நாளைக்குத் தாப்பா வழியாகக் கேமரன் போகிற வண்டியும் பயன்படுத்தும். திருப்பதிக்கு இரண்டு பக்கமிருந்தும் வண்டி வந்ததுபோல இங்கேயும் வரும்.

தடைகளைச் சொல்லாமல் விட்டால் நான் சொன்னதில் பாதிதான் உண்மை. முதல் தடை டீசல் விலை. 2024 ஜூன் 10-இல் தீபகற்பத்தில் டீசல் லிட்டர் 2 வெள்ளி (ரிங்கிட்) 15 சென்னிலிருந்து 3 வெள்ளி 35 சென்னுக்கு ஏறியது. ஆனால் விரைவுப் பேருந்துகளுக்கு அட்டை கொடுத்து 1 வெள்ளி 88 சென்னுக்கே ஊற்ற விட்டார்கள். 100 கிலோமீட்டருக்கு 30 லிட்டர் குடிக்கிற பஸ் என்றால், அப்போதைய மானிய விலையில் கிலோமீட்டருக்கு 56 சென். மானியம் இல்லாவிட்டால் அப்போது ஒரு வெள்ளி. டிக்கெட் விலை ஏறக்கூடாது என்பதற்காகக் கொடுத்த மானியம் அது. என் கவுண்டருக்கு வருகிறவர்களுக்கு அது தேவை. ஆனாலும் 56 சென்னுக்கு ஓட்ட முடிகிற முதலாளி ஏன் மின்சார பஸ்ஸுக்குக் கடன் வாங்குவார்? காருக்கென்று வைத்திருக்கும் பொதுச் சார்ஜர்களில் யூனிட் ஒரு வெள்ளிக்கு மேல். அங்கே ஏற்றினால் கட்டாது. கம்பெனிக்கென்றோ, கம்பெனிகள் சேர்ந்தோ சொந்தச் சார்ஜர் வேண்டும்.

இரண்டாவது தடை மின்கம்பி. இரண்டு 180 கிலோவாட் சார்ஜர் வைத்தால் 360. கடைவீதியில் ஓடுகிற லைனிலிருந்து அதை இழுக்க முடியாது, 11,000 வோல்ட் லைனிலிருந்து தனித் துணைமின் நிலையம் வேண்டும் என்றான் தம்பி மகன். செலவுதான். ஆனால் ஒரு ஆசை எனக்கு உண்டு. செம்பனை ஆலைகளில் கழிவுநீர்க் குட்டையிலிருந்து கிளம்பும் மீத்தேன் வாயுவைப் பிடித்து மின்சாரம் எடுத்து தேசிய மின்கட்டமைப்புக்கு விற்கிற ஆலைகள் மலேசியாவில் இருக்கின்றன. எங்கள் ஆட்கள் வெட்டிய குலையில் கிடைக்கிற மின்சாரத்தில் எங்கள் ஆட்கள் ஏறுகிற பஸ் ஓடினால் எவ்வளவு நன்றாக இருக்கும்! இதே பேராக்கில், சுங்கை சிப்புட்டைச் சேர்ந்த துன் சம்பந்தன் 1960-இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கி, தோட்டத் தொழிலாளிகளிடம் மாதாமாதம் சிறுகச் சிறுகச் சேர்த்துத் தோட்டங்களையே வாங்கினார். ஒரு சார்ஜ் நிலையம் அதைவிடப் பெரிய காரியம் இல்லை.

மூன்றாவதுதான் எனக்கு உறுத்துவது. சார்ஜர் வைக்க எளிய இடம் நெடுஞ்சாலை ஓய்வுப் பகுதி. இடம் தயார், மின்சாரம் தயார், காருக்கான சார்ஜர்கள் ஏற்கெனவே வந்துவிட்டன. பஸ்ஸுக்கும் அங்கேயே வைத்துவிடுவார்கள். வைத்துவிட்டால் மின்சார பஸ் தாப்பா ஓய்வுப் பகுதியில் முக்கால் மணி நேரம் நிற்கும். பாட்டியால் அங்கே போய் ஏற முடியாது. வேலிக்கு அந்தப் பக்கம் நிற்கிற வண்டி அது. நெடுஞ்சாலையிலிருந்து பீடோர் டோலில் வெளியே வந்து ஊருக்குள் நிறுத்திவிட்டுத் திரும்ப ஏற, நேரம் கொஞ்சம்தான் கூடும். நிற்கப் போகிற முக்கால் மணி நேரத்தை எங்கே நிற்பது என்பது மட்டுமே கேள்வி. டீசல் பஸ்ஸிடம் இந்தக் கேள்வியைக் கேட்க எங்களுக்கு வழியே இல்லாமல் இருந்தது. அது நிற்க வேண்டிய அவசியமே இல்லாமல் ஓடியது. மின்சார பஸ்ஸுக்கு நின்றே ஆக வேண்டும். முப்பது வருஷத்தில் முதல் தடவையாக நடுவில் இருக்கிற ஊருக்குப் பேரம் பேச ஒரு பிடி கிடைத்திருக்கிறது.

தடத்துக்கு லைசென்ஸ் கொடுப்பது தரைப் பொதுப் போக்குவரத்து நிறுவனமான அப்பாட். லைசென்ஸ் கேட்கும் கம்பெனி எங்கே சார்ஜ் ஏற்றும் என்று எழுதிக்கொடுக்கும்போதே, ஒரு நிறுத்தமாவது ஊருக்குள் இருக்க வேண்டும் என்று அவர்கள் நிபந்தனை போட முடிந்தால் பாதி வேலை முடிந்தது. மீதிப் பாதி இடம். எங்கள் பஸ் நிலையத்துக்குப் பின்னால் லோரிகள் நிற்கும் காலி மனை ஒன்று இருக்கிறது. தம்பி மகன் அதை அளந்து பார்த்தான். இரண்டு பெரிய பஸ் ஒன்றுக்கொன்று இடிக்காமல் நிற்கும், திரும்பி வெளியே போகவும் வழி உண்டு.

இதை எழுதிக் கொடுக்கத்தான் போகிறேன், தாப்பா மாவட்ட மன்றத்துக்கும் எங்கள் சட்டமன்ற உறுப்பினர் அலுவலகத்துக்கும். மலாயில் எழுத என் மகள் உதவுகிறாள். வெறும் ஆசை என்று ஒதுக்கிவிடக் கூடாது என்பதற்காகக் கவுண்டரில் ஒரு கோடு போட்ட நோட்டு வைத்திருக்கிறேன். பெயர் வேண்டாம், ஐ.சி. என்கிற அடையாள அட்டை எண் வேண்டாம். எந்த ஊர் அல்லது எந்தத் தோட்டத்திலிருந்து வருகிறீர்கள், எங்கே போக வேண்டும், எந்தக் கிழமை, எத்தனை மணிக்கு, இப்போது எத்தனை வண்டி மாறுகிறீர்கள், இது போதும். சுங்காய், சிலிம் ரிவர், தாப்பாக்காரர்களும் எழுதலாம். தெலுக் இந்தானிலிருந்து வருகிறவர்கள் கட்டாயம் எழுத வேண்டும், உங்கள் தடம்தான் முதலில் ஓடப் போவது. எழுத முடியாத பெரியவர்கள் சொன்னால் நானே எழுதிக்கொள்கிறேன். திங்கள் முதல் சனிவரை காலை எட்டு மணிக்குக் கவுண்டர் திறந்துவிடும்.